மரிக்கார், அப்புக்குட்டி, உபாலி: கொழும்பில் தமிழ்க் குணச்சித்திர நடிகர்கள் பிழைத்த விதம்

எஸ். ராம்தாஸ் என்று சொன்னால் இலங்கை வானொலி கேட்டு வளர்ந்தவர்கள்கூட யாரென்று கொஞ்சம் யோசிப்பார்கள். மரிக்கார் ராம்தாஸ் என்றால் அந்தக் குரலே காதுக்குள் வந்துவிடும். ரி. ராஜகோபால் அப்புக்குட்டி ராஜகோபால் ஆனார். எஸ். செல்வசேகரன் உபாலி செல்வசேகரன் ஆனார். 1970களில் ஒலிபரப்பான 'கோமாளிகள் கும்மாளம்' என்ற வானொலித் தொடரில் அவர்கள் ஏற்ற பாத்திரங்களின் பெயர்கள் அவை. தொடர் முடிந்தது, அதையொட்டி ஒரு படமும் வந்து போனது, பெயர்கள் மட்டும் போகவில்லை. விழா அழைப்பிதழிலும் சரி, அஞ்சலிக் குறிப்பிலும் சரி, பாத்திரம் முன்னால் வரும், மனிதர் பின்னால் வருவார். நான்காமவர் பி. எச். அப்துல் ஹமீத் மட்டும் தப்பிக்கொண்டார். அறிவிப்பாளராக அவர் தனக்கென்று தேடிக்கொண்ட பெயர் பெரியது. தொடரில் அவர் ஏற்ற ஐயர் வேடம் அதன்மேல் ஒட்டவில்லை.

இந்த நால்வரையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் ஒரு சங்கதி புலப்படும். ராம்தாஸ் முஸ்லிம்களின் தமிழ் பேசினார். அப்துல் ஹமீத் ஐயர் தமிழ் பேசினார். செல்வசேகரன் தமிழைத் தட்டுத்தடுமாறிப் பேசும் சிங்களவரானார். ராஜகோபாலின் அப்புக்குட்டிக்கு யாழ்ப்பாணப் பேச்சு. குறைந்தபட்சம் மூன்று பேராவது தங்கள் வீட்டில் பேசாத தமிழையே ஒலிவாங்கிக்கு முன்னால் பேசியிருக்கிறார்கள். கேட்டவர்களுக்கு அது அந்நியமாகப் படவில்லை. கொழும்புக் கொட்டாஞ்சேனையில் ஒரு தேத்தண்ணிக் கடையில் அரை மணித்தியாலம் இருந்தால் இந்த நான்கு பேச்சும் ஒரே மேசைக்கு வந்து சேரும். பிடித்துக்கொள்வதற்குக் காது மட்டும் வேண்டும்.

கொழும்பில் தமிழ் நடிகர் ஒருவருக்கு இருந்த ஒரே மூலதனம் அந்தக் காதும் நாக்கும்தான். சென்னையில் குணச்சித்திர நடிகருக்கு ஒரு தொழில்துறை இருந்தது; வருடம் முழுக்கப் படங்கள், அப்பா வேடம், மாமா வேடம், பண்ணையார் வேடம் என்று தேடி வரும். கொழும்பில் அப்படியொரு துறை ஒருபோதும் இருந்ததில்லை. இருந்தது வானொலி, பிறகு கொஞ்சக் காலம் சினிமா, பிறகு தொலைக்காட்சியில் ஒரு மூலை, அதற்கும் பிறகு சிங்களத் திரை. ஒவ்வொன்றும் நடிகரிடமிருந்து வாங்கியது அவருடைய பேச்சைத்தான். ஆனால் எந்தப் பேச்சை, எதற்காக வாங்கினார்கள் என்பது காலத்துக்குக் காலம் மாறியது. அந்த மாற்றத்தை விளங்கிக்கொண்டால் இங்கே ஒரு குணச்சித்திர நடிகரின் வாழ்க்கை ஏன் இப்படி அமைந்தது என்பது பெரும்பாலும் விளங்கிவிடும்.

வானொலியில் இருந்து தொடங்குவோம். இலங்கையில் வானொலி ஒலிபரப்பு 1925இல் தொடங்கியது. 1949இல் அது 'ரேடியோ சிலோன்' என்ற பெயரைப் பெற்றது, 1967இல் கூட்டுத்தாபனமானது. தமிழ் நாடகப் பகுதியை 'சானா' என்று அறியப்பட்ட எஸ். சண்முகநாதன் பொறுப்பேற்று நடத்திய காலத்தில் 'லண்டன் கந்தையா' போன்ற தொடர்கள் வீட்டுப் பெயர்களாயின. யாழ்ப்பாணப் பேச்சு வழக்கு, மேடைச் செந்தமிழின் தயவில்லாமல், தானே நின்று ஒரு தொடரைத் தாங்கும் என்று காட்டியவை அவை. அதன் பின் வந்தவர்கள் மற்ற வழக்குகளுக்கும் கதவைத் திறந்துவிட்டார்கள்.

வானொலி நடிப்பை 'வாசிப்பு' என்று குறைவாக எடை போடுகிறவர்கள் இன்றும் இருக்கிறார்கள். கலையகத்துக்குள் நடந்த வேலையைத் தெரிந்தால் அப்படிச் சொல்லமாட்டார்கள். ஒரு ஒலிவாங்கி, அதைச் சுற்றி நாலைந்து பேர், எல்லாருடைய கையிலும் றோனியோ இயந்திரத்தில் உருட்டிய நாடகப் பிரதி. தாள் புரளும் சத்தம் பதிவில் விழுந்துவிடும் என்பதால் கோத்திருக்கும் ஊசியைக் கழற்றிவிட்டு, வாசித்து முடித்த தாளை ஓசைப்படாமல் விலக்கப் பழக வேண்டும். வாசலில் இருந்து உள்ளே வருகிற ஆள் இரண்டு மூன்று அடி பின்னால் நின்று பேசத் தொடங்கி, பேசிக்கொண்டே கிட்ட வருவார். இரகசியம் சொல்கிறவர் ஒலிவாங்கியோடு ஒட்டிக்கொள்வார், ஆனால் மூச்சும் பகர ஓசையும் வெடிக்காமல் இருக்க முகத்தைச் சற்றே பக்கவாட்டில் திருப்பிக்கொள்வார். சிரிப்பை எவ்வளவு நேரம் நீட்டினால் அது பொய்யாகக் கேட்கும் என்ற கணக்கு இருக்கிறது. அழுகைக்கும் இருக்கிறது. இத்தனையும் செய்துகொண்டே, தன்னுடையதல்லாத ஒரு வட்டார வழக்கை ஒரு சொல்லும் வழுவாமல் பேச வேண்டும்.

முகம் தெரியாத இடத்தில் வயதும் தோற்றமும் தடையில்லை. இருபத்தைந்து வயதுக்காரர் கிழவராகலாம். பெண்கள் சிறுவர்களாகலாம். ஒல்லியான ஆள் பெருத்த முதலாளியாகலாம். திரையில் பத்து வருடம் காத்திருந்து கிடைக்கும் வேடங்கள் வானொலியில் அடுத்த கிழமையே கிடைத்துவிடும். குணச்சித்திர நடிப்புக்கு இதைவிட நல்ல பள்ளிக்கூடம் இந்த ஊரில் அமைந்ததில்லை என்பது என் எண்ணம். சுதந்திர சதுக்கத்தில் அரச தொலைக்காட்சியான ரூபவாஹினி எழுந்த பிறகும் அப்படியொன்று அமையவில்லை.

இந்தப் பள்ளியின் உச்சம் எது என்று கேட்டால் நான் கே. எஸ். பாலச்சந்திரனின் 'அண்ணை றைட்' தனிநடிப்பு என்பேன். தனி ஒருவர், ஒரு பஸ் நடத்துநர், யாழ்ப்பாணத்து பஸ் ஒன்று. பயணிகள் எவருக்கும் குரல் கிடையாது. நடத்துநர் பதில் சொல்லும் விதத்திலிருந்தே எதிரே நிற்கிறவர் யாரென்று நமக்குத் தெரிந்துவிடும்: மிச்சக் காசு கேட்கிறவர், மூட்டையோடு ஏறுகிறவர், ஏற வழி விடாமல் மிதிபலகையில் தொங்குகிறவர். ஒரு ஆளின் வாயைக் கேட்டு ஒரு பஸ் நிறையச் சனத்தை நாமே கண்டுகொள்கிறோம். துணைப் பாத்திரங்களை மேடையில் ஏற்றாமலே துணைப் பாத்திரங்களால் ஆன ஒரு நாடகத்தை அவர் கட்டிவிட்டார். வேறு நடிகருக்கு வசனம் விட்டுக்கொடுத்துக் கேட்கும் பழக்கம் இல்லாதவரால் இது முடியாது. எதிரில் ஆள் இல்லாத இடத்தில்கூட அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார்.

அந்தப் பாலச்சந்திரன் பகலில் இறைவரித் திணைக்களத்து உத்தியோகத்தர். இதுவும் கதையின் ஒரு பகுதிதான். வானொலிச் சன்மானம் பஸ் காசுக்கும் தேத்தண்ணிக்கும் ஆகும். வீட்டு வாடகைக்கு ஆகாது. ஆகவே கொழும்புத் தமிழ் நடிகர் என்றால் முதலில் ஒரு கந்தோர் இருக்கும், பிறகுதான் கலையகம். ஒத்திகை மாலை ஐந்து மணிக்குப் பிறகு, படப்பிடிப்பு லீவு போட்டு. முழுநேர நடிகர் என்ற இனமே இங்கே உருவாகவில்லை. அதனால் ஒரு நன்மை, நடிகர் தான் நடிக்கிற ஆட்களுக்குள்ளேயே வாழ்ந்தார். லிகிதரை நடிக்க லிகிதரைத் தேடிப் போகவேண்டியிருக்கவில்லை. தீமை வெளிப்படையானது: பெரும்பாலான நடிகர்களால் தங்கள் கலையை நாற்பது வயதுக்கு மேல் இங்கே தொடர்ந்து தீட்டிக்கொண்டு போக முடியவில்லை. பதவி உயர்வு, இடமாற்றம், பிள்ளைகளின் படிப்பு, கடைசியில் வெளிநாடு.

சினிமாவுக்கு வருவோம். இலங்கையின் முதல் தமிழ்ப் படமான 'சமுதாயம்' 1962இல் வந்தது. 35 மில்லிமீற்றரில் முதலாவதான 'தோட்டக்காரி' 1963இல். அடுத்த பத்து வருடம் விட்டுவிட்டு ஒன்றிரண்டு. பிறகு 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் வந்து இறக்குமதியையும் விநியோகத்தையும் தன் கையில் எடுத்தது. இந்தியப் படங்களின் வரத்துக்குக் கட்டுப்பாடு வந்ததும் உள்ளூர்ப் படத்துக்குத் திரையரங்கில் ஓர் இடைவெளி கிடைத்தது. 1975க்கும் 1981க்கும் இடைப்பட்ட ஆறேழு வருடங்களில்தான் ஈழத்துத் தமிழ்ப் படங்களில் பெரும்பங்கு வெளிவந்தது. 1978 ஒரு வருடத்தில் மட்டும் கிட்டத்தட்ட அரை டசின்.

யார் நடித்தார்கள் என்று பார்த்தால் கந்தோர்க் கதையே மீண்டும் வரும். 'புதிய காற்று', 'நான் உங்கள் தோழன்' ஆகியவற்றின் வி. பி. கணேசன் மலையகத் தொழிற்சங்கத் தலைவர். 'குத்துவிளக்கு' (1972) படத்தைத் தயாரித்த வீ. எஸ். துரைராஜா கட்டடக் கலைஞர். செங்கை ஆழியானின் நாவலைப் பிரேம்நாத் மொராயஸ் படமாக்கிய 'வாடைக்காற்று' (1978) படத்தில் மருத்துவர் இந்திரகுமார் நடித்தார், பொப் பாடகர் ஏ. ஈ. மனோகரன் நடித்தார், மேடையிலிருந்து வந்த ஆனந்தராணி நடித்தார், பாலச்சந்திரனும் இருந்தார். நாயகன் நாயகிக்கு ஆள் பிடிப்பதுதான் இந்தப் படங்களுக்கு எப்போதும் தலைவலி. துணைப் பாத்திரங்களுக்கு ஒரு குறையும் இருக்கவில்லை, வானொலி அவர்களை வரிசையாகத் தயாரித்து வைத்திருந்தது. அதனாலேயே அந்தக் காலப் படங்களில் நாயகனின் காட்சிகள் சென்னைப் படத்தின் நகல்போல இருக்க, ஓரத்தில் நிற்கும் கிழவரும் கடைக்காரரும் இந்த மண்ணின் ஆட்களாக இருக்கிறார்கள்.

'கோமாளிகள்' 1976இல் வந்தது. எஸ். ராமநாதன் இயக்கம், எழுத்து ராம்தாஸ். வானொலியில் கேட்ட குரல்களுக்கு முகம் எப்படி இருக்கும் என்று பார்க்கவே சனம் போனது என்பார்கள். ஈழத்துத் தமிழ்ப் படங்களில் திரையரங்கில் காசு பார்த்த சிலவற்றில் அது ஒன்று. நாயகனை நம்பாமல், நான்கு துணைப் பாத்திரங்களை முன்வரிசைக்குக் கொண்டுவந்ததுதான் அதன் புத்திசாலித்தனம். இரண்டு வருடத்தில் அதே அணி 'ஏமாளிகள்' எடுத்தது. ஆனால் வானொலியில் வராத ஒரு சிக்கல் இங்கே எழுந்தது. குரலாக இருந்தவரை மரிக்கார் யாராகவும் இருக்கலாம். முகம் தெரிந்த பிறகு மரிக்கார் என்றால் ராம்தாஸ், ராம்தாஸ் என்றால் மரிக்கார். ஒரு பாத்திரம் நடிகரைத் தூக்கிவிட்டது, பிறகு இறக்கிவிட மறுத்தது. அடுத்த வாய்ப்பு கேட்டு வருகிறவர்களும் அதே குரலைத்தான் கேட்டு வந்தார்கள்.

சந்தையின் அளவும் ஒரு காரணம், அதைப் பேசாமல் விட முடியாது. 2012 குடிசன மதிப்பீட்டின்படி தமிழ் பேசும் இலங்கைத் தமிழர், மலையகத் தமிழர், சோனகர் (முஸ்லிம்கள்) மூவரையும் சேர்த்தால் நாட்டின் சனத்தொகையில் நான்கில் ஒரு பங்கு, ஐம்பது இலட்சம் பேரளவில். கடலுக்கு அந்தப் பக்கம் தமிழ்நாட்டில் ஏழு கோடிக்கு மேல். அங்கே எடுத்து முடித்து, செலவை மீட்டுவிட்ட படத்தை இங்கே கொண்டுவந்து திரையிடுவதோடு உள்ளூர்ப் படம் காசில் போட்டி போட முடியாது. கட்டுப்பாடு இருந்த சில வருடங்கள் விதிவிலக்கு. அந்த விதிவிலக்கும் 1977க்குப் பிந்திய திறந்த பொருளாதாரத்தில், வீடியோவும் கசெட்டும் வந்ததோடு, கரையத் தொடங்கிவிட்டது.

கரைந்துகொண்டிருந்ததை 1983 ஆடிக் கலவரம் எரித்தது. ஹெந்தளையில் கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான விஜயா ஸ்டூடியோ தீக்கிரையானது. படச் சுருள்களின் மூலப்பிரதிகளும் அதோடு எரிந்துபோயின. சிங்களப் படங்களை இயக்கிய தமிழர் கே. வெங்கட் கொல்லப்பட்டார். குணச்சித்திர நடிகருக்கு இதனால் நேர்ந்ததை இரண்டாகச் சொல்லலாம். இனி நடிக்கப் படம் இல்லை. ஏற்கெனவே நடித்ததில் பலவற்றைக் காட்டவும் படம் இல்லை. ஒரு நடிகரின் இருபது வருட வேலையைப் பற்றி எழுத உட்காருகிறவருக்கு மிஞ்சுவது சில சுவரொட்டிகளும் பத்திரிகைத் துண்டுகளும் கேட்டவர்களின் ஞாபகமும்தான். தமிழ்நாட்டில் 1950களின் சின்னஞ்சிறு வேடத்தைக்கூட இன்று யாரும் தேடிப் பார்த்துவிடலாம்.

பலர் புறப்பட்டார்கள். பாலச்சந்திரன் கனடா சென்று அங்கே மேடையிலும் படத்திலும் தொடர்ந்து இயங்கி, 2014இல் ரொறன்ரோவில் காலமானார். ஆனந்தராணி இலண்டனில் தமிழ் அவைக்காற்று கலைக் கழகத்தின் மேடைகளில் நடித்தார். மனோகரன் சென்னைக்குப் போய், தென்னிந்தியப் படங்களில் பெரும்பாலும் வில்லனுக்குப் பக்கத்தில் நிற்கும் வேடங்களிலும், பின்னர் சின்னத்திரையிலும் காலம் தள்ளி, 2018இல் அங்கேயே மறைந்தார். இங்கே 'சுராங்கனி' பாடி அரங்கத்தை எழுப்பியவர் அங்கே 'சிலோன் மனோகர்' ஆனார். ஊர்ப் பெயர் முன்னால் வந்து உட்கார்ந்துகொண்டது.

சென்னை இலங்கைத் தமிழ் நடிகரை என்ன செய்யும் என்பதற்கு இதைவிடத் தெளிவான உதாரணம் கவிஞர் வ. ஐ. ச. ஜெயபாலன். 'ஆடுகளம்' (2011) படத்தில் பேட்டைக்காரனாக வந்தவர். இந்தியாவின் 58ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில் நடுவர்களின் சிறப்புக் குறிப்பு அவருக்குக் கிடைத்தது. திரையில் கேட்ட குரலோ ராதாரவியுடையது. மதுரைச் சேவற்சண்டைக்காரர் யாழ்ப்பாணத் தொனியில் பேச முடியாது, ஆகவே நியாயமான முடிவுதான். ஆனால் கொழும்பு வானொலி நடிகர்களின் கணக்கு இங்கே தலைகீழாகிறது. அவர்களிடம் முகத்தை யாரும் கேட்கவில்லை, குரலை வாங்கினார்கள். இவரிடம் முகத்தை வாங்கிக்கொண்டு குரலை வெளியே வைத்துவிட்டார்கள்.

தொலைக்காட்சியைப் பற்றி நீளமாகச் சொல்ல எனக்கு அதிகம் இல்லை. ரூபவாஹினி 1982 பெப்ரவரியில் தொடங்கியது. சிங்களத் தொலைக்காட்சி நாடகம் சில வருடங்களிலேயே ஒரு தொழில்துறையாக வளர்ந்தது, சினிமாவில் வாய்ப்புக் குறைந்த நடிகர்களைத் தாங்கிப் பிடித்தது. தமிழுக்குக் கிடைத்த நேரம் குறைவு. தீபாவளிக்கும் பொங்கலுக்கும் விசேட நாடகம், இடையிடையே ஒரு தொடர். தனியார் அலைவரிசைகளும், பின்னர் அரசின் வசந்தமும் வந்தபோது தமிழ் நேரம் பெருகியது, ஆனால் பெருகிய நேரத்தைச் சென்னைத் தொடர்கள் நிரப்பின. ஒரு அத்தியாயத்தைச் சொந்தமாக எடுக்கும் செலவோடு, எடுத்து முடித்ததை வாங்கும் செலவை ஒப்பிட்டால் எந்த நிலைய முகாமையாளரும் ஒரே முடிவுக்குத்தான் வருவார். அவரைத் திட்டிப் பயனில்லை.

நடிகருக்குச் சோறு போட்டது வேறொரு இடம், அதைப் பற்றி யாரும் எழுதுவதில்லை: விளம்பரம். இந்த நாட்டில் சவர்க்காரம், பிஸ்கட், வங்கிக் கணக்கு எதுவானாலும் விளம்பரம் பெரும்பாலும் சிங்களத்தில் எழுதப்பட்டு, சிங்களத்தில் படமாகி, பிறகு தமிழுக்கு வரும். சிறிய ஒலிப்பதிவு அறையில் காதில் சிங்களப் பதிவு ஓடும், திரையில் வாய் சிங்களத்துக்கு அசையும், முப்பது விநாடிக்குள் தமிழ் அதன் மேல் உட்கார வேண்டும். உதடு மூடும் இடத்தில் உதடு மூடும் எழுத்து விழவேண்டும். வாடிக்கையாளர் தரப்பில் வந்திருப்பவருக்குத் தமிழ் தெரியாமல் இருக்கலாம். அவர் வசனத்தைக் கேட்க மாட்டார், உற்சாகம் போதுமா என்று மட்டும் கேட்பார். எழுதிக் கொடுத்த தமிழ் வாயில் நுழையாதபோது அதை அங்கேயே திருத்திப் பேசுவதும் நடிகரின் தலையில்தான் விழும். பெயர் எங்கும் வராது. ஆனால் காசு கைக்கு வரும். வானொலி நாடகத்தில் நாலு வழக்குகளை நாக்கில் வைத்திருந்தவர்களுக்கு இது ஒரு வேலையே அல்ல என்று தோன்றலாம். ஆனால் இங்கே எந்த ஊருக்கும் சேராத, எவரையும் நோகடிக்காத ஒரு நடுத்தமிழ்தான் விலைபோகும். அப்புக்குட்டியின் தமிழில் பிஸ்கட் விற்க முடியாது.

கடைசியாகச் சிங்களத் திரை. 1947இல் வெளிவந்த முதல் சிங்களப் பேசும் படத்தைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம், அதன் நாயகி ருக்மணி தேவி தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். தயாரிப்பாளர், இயக்குநர், ஸ்டூடியோ உரிமையாளர் என்று தமிழர்கள் அந்தத் துறையின் அடித்தளத்திலேயே இருந்தார்கள். திரைக்குள் தமிழ்ப் பாத்திரம் வந்தபோதோ நெடுங்காலம் அது சிரிப்புக்கு வந்தது: கடலை விற்பவர், வட்டிக்காரர், சிங்களத்தை உடைத்துப் பேசும் கடைக்காரர். 1979இல் சுனில் ஆரியரத்ன இயக்கிய 'சருங்கலே' இதற்கு மாறாக, நடராஜா என்ற தமிழ் எழுதுவினைஞரைக் கதையின் நடுவில் நிறுத்தியது. இனக்கலவரத்தைப் பற்றிச் சிங்களத்தில் அவ்வளவு நேராகப் பேசிய படம் அதற்கு முன் இல்லை என்றே சொல்லலாம். நடராஜாவாக நடித்தவர் காமினி பொன்சேகா. சிங்களத் திரையின் முன்னணி நட்சத்திரம் ஒரு தமிழ் லிகிதரின் நடையையும் கூச்சத்தையும் பழகிக்கொண்டு வந்து நின்றது பெரிய காரியம். அவருடைய மிகச் சிறந்த நடிப்புகளில் ஒன்றாக அது எண்ணப்படுவதிலும் எனக்கு மறுப்பில்லை. ஆனால் அன்றைக்குக் கொழும்பில் கந்தோர் முடித்துக் கலையகத்துக்கு ஓடிக்கொண்டிருந்த உண்மையான லிகிதர்கள் எத்தனை பேர் நடிகர்களாக இருந்தார்கள் என்பதும் கூடவே நினைவுக்கு வருகிறது. நட்சத்திரம் இல்லாமல் அந்தப் படத்துக்குப் பணம் போட ஆள் கிடைத்திருக்காது என்பதும் உண்மை.

தமிழ்ப் பாத்திரத்தைத் தமிழரே நடிக்கும் பழக்கம் உறுதிப்பட்டது போர்க்காலத்தின் கடைசியிலும் அதற்குப் பிறகும். அந்தக் காலத்தின் முகம் தர்ஷன் தர்மராஜ். இரத்தினபுரி மாவட்டத்து றக்குவானைக்காரர், சிங்களமும் தமிழும் ஒருசேர வாயில் வந்தவர். 2008இல் துஷார பீரிஸின் 'பிரபாகரன்', 2010இல் பெனட் ரத்நாயக்கவின் 'இர ஹந்த யட', 2012இல் பூடி கீர்த்திசேனவின் 'மாதா'. போர்ப் படம் எடுக்கிற இயக்குநருக்கு எதிர்த்தரப்பில் நிற்க ஒரு ஆள் வேண்டும், அந்த ஆள் தர்ஷன். அதே 2012இல் அசோக ஹந்தகமவின் 'இனி அவன்', முழுக்க முழுக்கத் தமிழில். புனர்வாழ்வு முடித்து ஊர் திரும்பும் முன்னாள் போராளி. கான் திரைப்பட விழாவின்போது, சுயாதீனப் படங்களுக்கான அசிட் பிரிவில் அது திரையிடப்பட்டது.

'இனி அவன்' படத்தில் அவர் செய்வதைக் கவனித்தால், அதிகம் பேசாமல் செய்கிறார். ஊர்ச்சனம் பார்க்கும் பார்வைக்குப் பதில் சொல்லாத ஒரு தோள். வேலை கேட்டுப் போகும்போது உடம்பைச் சற்றுச் சுருக்கிக்கொள்ளும் விதம். வானொலிப் பள்ளியில் படித்த தலைமுறை வசனத்தால் கட்டிய மனிதர்களை இவர் உடம்பால் கட்டினார். கூடவே நடித்த நிரஞ்சனி சண்முகராஜாவும் இந்தப் புதிய தலைமுறைதான். இரண்டு மொழியிலும் வேலை செய்கிறவர்கள், தமிழ்ப் படம் எப்போது வரும் என்று காத்திருக்காதவர்கள்.

சிங்களத் தொலைக்காட்சியும் சினிமாவும் தமிழ் நடிகரிடம் கேட்கும் சிங்களம் ஒரு மாதிரியானது. நடிகர் சிங்களத்தைச் சிங்களவர் போலவே பேசுவார், கொழும்பிலோ சப்ரகமுவவிலோ வளர்ந்தவருக்கு அது இயல்பு. ஆனால் பாத்திரம் தமிழர் என்றால் அந்தச் சிங்களத்தை உடைக்க வேண்டும், தெரிந்த மொழியைத் தெரியாததுபோலப் பேச வேண்டும். உபாலி செல்வசேகரன் தமிழில் செய்ததும் இதுவே. ஆனால் இரண்டும் ஒன்றென்று எனக்குப் படவில்லை. 'கோமாளிகள்' நால்வரில் எவருடைய தமிழும் நடுத்தமிழ் கிடையாது. ஐயரின் பேச்சுக்கு மரிக்கார் சிரிப்பார், மரிக்காரின் பேச்சுக்கு அப்புக்குட்டி சிரிப்பார். சிரிப்பு ஒரு சுற்றுச் சுற்றி எல்லாரிடமும் வந்துபோகும், உபாலியும் அந்தச் சுற்றில் ஒருவர். சிங்களத் தொடரில் பத்துப் பேர் சரியாகப் பேச, ஒருவர் மட்டும் உடைத்துப் பேசுகிறார். பத்துப் பேரும் அவரைப் பார்த்துச் சிரித்தாலும் சரி, இரங்கினாலும் சரி, அவர் தனி ஆள்தான்.

குணச்சித்திர நடிகருக்குத் தேவையானது நேரம். சிங்களத் திரையின் ஆகப் பெரிய குணச்சித்திர நடிகர் ஜோ அபேவிக்ரம 1950களில் நகைச்சுவை நடிகராகத்தான் தொடங்கினார். அவரும் இரத்தினபுரி மாவட்டத்துக்காரர், லெல்லோபிட்டிய. சிரிக்கவைக்கும் வேடங்களிலேயே தேங்கிப் போயிருக்கக்கூடியவர். ஆனால் துறை அவரை விடாமல் வைத்திருந்தது. வேடம் மாறியது, வயது ஏறியது, இயக்குநர்களின் தலைமுறை மாறியது. பிரசன்ன விதானகேயின் 'புரஹந்த களுவர' (1997) படத்தில், முத்திரையிட்ட பெட்டிக்குள் வந்தது தன் மகன்தான் என்று நம்ப மறுக்கும் பார்வையற்ற தகப்பனாக அவர் நடித்தபோது அவருக்கு வயது எழுபது. அதற்குத்தான் சிங்கப்பூர் விழாவில் சிறந்த நடிகர் விருது வந்தது. மரிக்கார் ராம்தாஸுக்கோ அப்புக்குட்டி ராஜகோபாலுக்கோ எழுபது வயதில் அப்படியொரு தகப்பன் வேடம் கொடுக்கத் தமிழில் ஒரு துறை இருந்திருந்தால் என்ன செய்திருப்பார்கள் என்று எண்ணிப் பார்க்கலாம். நாலு வழக்குகளைக் காதில் ஏந்திய மனிதர்கள் அவர்கள்.

தர்ஷனுக்கு அந்தத் துறை ஓரளவு கிடைத்தது, சிங்களத்தில். போராளி வேடங்களுக்கு வெளியேயும் கூப்பிடத் தொடங்கியிருந்தார்கள். 2018இல் கிங் ரத்னம் இயக்கி நாடு முழுக்கத் திரையிட்ட தமிழ்ப் படமான 'கோமாளி கிங்ஸ்' படத்தில் நகைச்சுவைப் பக்கமும் வந்தார். நிரஞ்சனியும் அதில் இருந்தார். ஈழத்துத் தமிழ்ப் படம் ஒன்று அத்தனை திரையரங்குகளுக்கு மீண்டும் வர கிட்டத்தட்ட நாற்பது வருடம் எடுத்திருந்தது. 2022 ஒக்டோபர் 2ஆம் திகதி தர்ஷன் மாரடைப்பில் இறந்தார், 41 வயது. சிங்களப் பத்திரிகைகளும் தமிழ்ப் பத்திரிகைகளும் ஒரேயளவு இடம் ஒதுக்கி எழுதிய தமிழ் நடிகர்கள் அவருக்கு முன் அதிகம் இல்லை.

அவருக்குப் பின்னால் சிங்களத் தொடர்களில் தமிழ்ப் பெயர்கள் முன்பைவிட அதிகமாகவே ஓடுகின்றன. ஆசிரியை, தாதி, பக்கத்து வீட்டுக்காரர் என்று வேடங்களும் கொஞ்சம் விரிந்திருக்கின்றன. தமிழ் வசனத்தைத் தமிழ் தெரிந்தவர் எழுதுகிறார், குறைந்தபட்சம் நடிகர் படப்பிடிப்புத் தளத்தில் திருத்தினால் இயக்குநர் காது கொடுக்கிறார். ஆனால் தமிழராக இருப்பதைத் தவிர வேறு சிக்கல்களும் உள்ள ஒரு தமிழ்ப் பாத்திரம், கடன்காரனாகவோ கஞ்சனாகவோ பொய்யனாகவோ, இனத்தின் பெயரால் யாரும் மன்னிக்கவோ குற்றஞ்சாட்டவோ தேவையில்லாத ஒரு சாதாரண ஆளாகவோ வருவது இன்னும் அரிது. வானொலியில் அப்புக்குட்டி அப்படிப்பட்ட ஆளாகத்தான் இருந்தார், அதுவும் ஐம்பது வருடத்துக்கு முன்னால், ஒரு சிங்களவரோடும் ஒரு முஸ்லிமோடும் ஓர் ஐயரோடும் வாய்ச்சண்டை பிடித்துக்கொண்டு.